அம்மாவின் திதி: நாள் பார்ப்பதிலிருந்து இலை எடுப்பது வரை

அம்மா போன ஆங்கிலத் தேதி யாருக்கும் மறப்பதில்லை. திதிதான் கை நழுவிப் போகிறது. தேதிக்கு இன்னும் பத்து நாள் இருக்கிறதே என்று பிள்ளைகள் இருப்பார்கள். ஊரிலிருந்து சித்தி போன் செய்து, "நேத்தே திதி வந்துட்டுப் போயிடுச்சேப்பா, ஒண்ணும் செய்யலையா?" என்று கேட்பார். முதல் வருஷத்தில் இது மிகச் சாதாரணமாக நடக்கிறது. மனது ஆற நெடுநாளாகும்.

வீட்டில் படையல் போட்டு அம்மாவுக்குத் திதி செய்கிற தமிழ்நாட்டுக் குடும்பங்களுக்காக இதை எழுதியிருக்கிறோம். ஐயரை வைத்துச் செய்பவர்களுக்கும் பெரும்பகுதி பொருந்தும். திதி, திவசம், தெவசம், வருஷாப்தம் என்று வீட்டுக்கு வீடு பெயர் மாறும், முறையும் மாறும். இங்கே எழுதியிருப்பதும் உங்கள் வீட்டுப் பெரிய மனுஷி சொல்வதும் வேறாக இருந்தால் அவர் சொல்வதையே எடுத்துக்கொள்ளுங்கள்.

நாளைக் கண்டுபிடிப்பது

மூன்று விவரம் வேண்டும்: தமிழ் மாதம், பிறை (வளர்பிறையா தேய்பிறையா), திதி. உயிர் பிரிந்த நேரத்தில் என்ன திதி ஓடியதோ அதுதான் கணக்கு. காலண்டர் தாளில் "தசமி பிற்பகல் 3.20 வரை, பிறகு ஏகாதசி" என்று போட்டிருந்து அம்மா மாலை 5.10க்குப் போயிருந்தால் அவர் திதி ஏகாதசி. தாளில் முதலில் இருப்பதைப் பார்த்துத் தசமி என்று குறித்துக்கொள்வதுதான் வழக்கமான பிழை. நேரம் நினைவில்லாவிட்டால் இறப்புக்குக் காரணம் எழுதி மருத்துவர் தரும் படிவத்தையோ ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சம்மரியையோ எடுத்துப் பாருங்கள். நேரம் பெரும்பாலும் அதில் இருக்கும்.

பழைய பஞ்சாங்கத்தில் நேரம் மணியில் இராது, சூரிய உதயத்திலிருந்து நாழிகை, விநாழிகையாக இருக்கும். ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு விநாழிகை 24 விநாடி. தசமி 23-15 என்றால் 23 நாழிகைக்கு 552 நிமிடம், 15 விநாழிகைக்கு 6 நிமிடம், ஆக 558 நிமிடம், அதாவது 9 மணி 18 நிமிடம். அன்று உதயம் 6.05 என்றால் தசமி பிற்பகல் 3.23க்கு முடிகிறது. பஞ்சாங்கத்தில் வாக்கியம், திருக்கணிதம் என்று இரண்டு வகைக் கணக்கு உண்டு. இரண்டுக்கும் சில மணி நேரம் வித்தியாசம் வரும். எது சரி என்று வாதாடாமல், பாட்டிக்கும் தாத்தாவுக்கும் எதைப் பார்த்துத் திதி கொடுத்தார்களோ அதையே அம்மாவுக்கும் பாருங்கள். வருஷத்துக்கு ஒன்றாக மாற்றிக்கொண்டிருந்தால் குழப்பம்தான் மிஞ்சும்.

ஆங்கிலத் தேதி ஏன் நகர்கிறது? பன்னிரண்டு சந்திர மாதம் சேர்ந்தால் ஏறக்குறைய 354 நாள்தான். அதனால் வருஷத்துக்குச் சுமார் 11 நாள் முன்னால் வரும். தை அமாவாசையையே பாருங்கள்: 2024இல் பிப்ரவரி 9, 2025இல் ஜனவரி 29, 2026இல் ஜனவரி 18. அடுத்த வருஷம் இன்னும் 11 நாள் முன்னால் போனால் அது மார்கழிக்குள் விழுந்துவிடும். அதனால் ஒரு பிறைச் சுற்று தள்ளி 2027இல் பிப்ரவரி 6க்கு வருகிறது. அம்மாவின் திதியும் இப்படியே தமிழ் மாதத்துக்குள் பின்னோக்கி நகர்ந்து, விளிம்புக்கு வந்ததும் ஒரு தாவு தாவும். தாவுகிற வருஷத்தில்தான் கவனம் வேண்டும்.

ஒரே தமிழ் மாதத்தில் அந்தத் திதி இரண்டு தடவை வந்தால் பொதுவாகப் பின்னதை எடுப்பார்கள். மாதமே 29 நாளோடு முடிந்து திதி வராமலும் போகலாம். இந்த இரண்டு நிலையிலும் சொந்தமாக முடிவு செய்யாமல் புரோகிதரையோ பஞ்சாங்கம் பார்ப்பவரையோ கேட்டுவிடுங்கள். திதி இரண்டு நாளில் பரவிக் கிடந்தால் எந்த நாளின் பிற்பகலில் இருக்கிறதோ அந்த நாள். பகலை ஐந்தாகப் பங்கிட்டால் நாலாவது பங்குக்கு அபராண்ணம் என்று பெயர். ஆறு முதல் ஆறு வரை பகல் என்று கொண்டால் 1.12 முதல் 3.36 வரை. பித்ரு காரியத்துக்கு அந்த நேரம்தான் கணக்கு. பெரிய பஞ்சாங்கங்களில் ஒவ்வொரு நாளுக்கும் சிராத்த திதி என்று தனியாகவே போட்டிருக்கும். அதைப் பார்த்தால் இந்தக் கணக்கே வேண்டாம். வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசும் குடும்பங்கள் பலவற்றில் தமிழ் மாதம் பார்ப்பதில்லை, பிறையை வைத்துக் கணக்கிடும் சாந்திரமான மாதம்தான். அங்கே நாள் வேறாக வரும்.

வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. திதி முடிகிற கணம் உலகம் முழுக்க ஒன்றுதான், கடிகாரம்தான் மாறும். இந்தியாவில் பிற்பகல் 3 மணிக்கு முடிகிற திதி சிங்கப்பூரில் மாலை 5.30க்கு முடியும், அங்கே அன்றே செய்யலாம். நியூ ஜெர்சியில் அதே கணம் குளிர்காலத்தில் விடியற்காலை 4.30, கோடையில் 5.30. விடிவதற்குள் திதி போய்விடுவதால் அங்கே முதல் நாள் பிற்பகலில்தான் அது இருக்கும். ஊரில் தம்பி செய்கிற தேதியும் அங்கே அக்கா செய்கிற தேதியும் வேறாக இருந்தால் அதில் தப்பு எதுவும் இல்லை.

யார், எங்கே

அண்ணன் தம்பிகள் ஒன்றாக இருந்தால் மூத்தவர் செய்வார், மற்றவர்கள் கூட நிற்பார்கள். பாகம் பிரிந்து தனித்தனிக் குடும்பமாக இருந்தால் அவரவர் வீட்டில் செய்ய வேண்டும். பெண் மட்டும் இருக்கும் வீட்டில் பெண்ணே இலை போடுகிறார். அம்மாவுக்குச் சோறு படைக்க மகளுக்கு யார் அனுமதியும் வேண்டாம் என்பது எங்கள் எண்ணம். மந்திரத்தோடு செய்ய விரும்பினால் மகள் வயிற்றுப் பேரனை உட்கார வைக்கும் வழக்கம் இருக்கிறது.

அப்பா உயிரோடு இருந்தால் அம்மாவின் வருஷத் திதியை மகன் செய்வார். ஆனால் அமாவாசைத் தர்ப்பணம் அப்பா இருக்கும்வரை மகனுக்குக் கிடையாது. இது தெரியாமல் ஆடி அமாவாசைக்கு ஆற்றங்கரையில் போய் உட்காருபவர்கள் உண்டு. சுமங்கலியாகப் போன அம்மாவுக்கு வருஷத் திதியோடு இன்னொரு நாளும் இருக்கிறது: மகாளய பட்சத்து நவமி. அவிதவா நவமி என்பார்கள்.

வீட்டில் வசதியில்லை என்றால் நீர்த்துறைக்குப் போகலாம். ராமேஸ்வரம் அக்னி தீர்த்தம், ஸ்ரீரங்கம் அம்மா மண்டபம், பவானி கூடுதுறை, கோவைக்குப் பேரூர் நொய்யல் கரை, தெற்கே பாபநாசம். போகிற நாள் அமாவாசையாக இருந்தால் கூட்டத்தில் பெயரைச் சொல்லக்கூட முடியாது. திதி வேறு நாளில் வருகிறவர்களுக்கு அந்தத் தொல்லை இல்லை. எங்கே செய்தாலும் புரோகிதர் மூன்று தலைமுறைப் பெண்களின் பெயர் கேட்பார்: அம்மா, அப்பாவைப் பெற்ற பாட்டி, தாத்தாவைப் பெற்ற கொள்ளுப்பாட்டி. கொள்ளுப்பாட்டி பெயரில்தான் எல்லாரும் விழிப்பார்கள். முன்கூட்டியே கேட்டு எழுதிக்கொண்டு போங்கள். கோத்திரம் கணவன் வழிக் கோத்திரம். தெரியாதவர்களுக்குச் சிவ கோத்திரம் அல்லது விஷ்ணு கோத்திரம் என்று சொல்லிச் செய்வார்கள். விரலில் போடும் தர்ப்பை மோதிரத்துக்குப் பவித்திரம் என்று பெயர். பித்ரு காரியத்துக்கு மூன்று புல் பவித்திரம். எள்ளும் தண்ணீரும் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே மூன்று முறை இறங்க வேண்டும். விரல் நுனி வழியாக விட்டால் அது தேவர்களுக்கு விடும் முறை ஆகிவிடும்.

முந்தின வாரம்

புரோகிதரிடம் ஒரு மாதம் முன்பே சொல்லிவிடுங்கள். படத்தின் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க நினைத்தால் ஒரு வாரம் முன்பே செய்யுங்கள். கண்ணாடியும் போட்டோவும் ஒட்டிக்கொண்டிருந்தால் இழுக்காதீர்கள், மேல்பூச்சு உரிந்து முகமே போய்விடும். வெளிப்புறத்தை மட்டும் துடைத்துவிட்டு ஒரு ஸ்கேன் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

புடவை எடுக்கும் வழக்கம் இருந்தால் அம்மா உடுத்திய மாதிரி எடுங்கள். நூல் சேலையே கட்டியவருக்குச் சரிகைப் பட்டு எதற்கு? தலைப்பு ஓரத்தில் மஞ்சள் தடவிக் கோடியாகவே இலைக்குப் பக்கத்தில் மடித்து வைப்பார்கள். படைத்த பிறகு அது மகளுக்கா, மருமகளுக்கா, வெளியில் ஒரு ஏழைப் பெண்ணுக்கா என்பதை முன்கூட்டியே பேசிவிடுவது நல்லது. அன்று காலையில் பேசினால் மனஸ்தாபம்தான் வரும்.

அம்மா கைம்பெண்ணாக இருந்து போனவர் என்றால் பூவும் குங்குமமும் வைக்கலாமா என்ற கேள்வி வரும். பழைய வழக்கத்தில் வைப்பதில்லை. ஆனால் மல்லிகை என்றால் அவருக்கு எவ்வளவு ஆசை என்று உங்களுக்குத் தெரியும். ஆசைப்பட்டதை வையுங்கள்.

சமையல்

ஒரு திதி நாள் சரியாக அமைவதும் குலைவதும் அடுப்படியில்தான். வெங்காயம், பூண்டு, முருங்கைக்காய், கத்தரிக்காய், முட்டைகோஸ், கேரட், பீன்ஸ், உருளைக்கிழங்கு சேர்ப்பதில்லை. கண்டிப்பான வீடுகளில் தக்காளி, மிளகாய், பெருங்காயமும் கிடையாது, காரத்துக்கு மிளகுதான். சேர்ப்பவை: வாழைக்காய், பாகற்காய், அவரை, கொத்தவரை, புடலை, சேனை, சேம்பு, பலாப்பிஞ்சு, பிரண்டை. பாகற்காய் நூறு, பிரண்டை முந்நூறு, பலா அறுநூறு கறிக்குச் சமம் என்று ஒரு பழைய சுலோகம் சொல்கிறது. மிச்சம் எட்டுக் காய் வைத்தால் ஆயிரத்தெட்டு கறி ஆகிவிடும். இறைச்சியும் மீனும் படைக்கும் குடும்பங்களும் இருக்கின்றன. அங்கே அதுதான் முறை.

இவற்றோடு அம்மாவுக்குப் பிடித்த ஒன்று இலையில் கட்டாயம் இருக்கட்டும். நாலு பலகாரத்தைக் கடையில் வாங்கி அடுக்குவதைவிட, அவர் விரும்பிச் சாப்பிட்ட ஒரு துவையலை நீங்களே அரைத்து வைப்பது எங்களுக்கு மேலாகப் படுகிறது.

பத்துப் பேருக்கு அளவு: பச்சரிசி 1 கிலோ, பருப்புக்குப் பாசிப்பருப்பு 200 கிராம், வாழைக்காய் 5, பாகற்காய் அரைக் கிலோ, தயிர் 1 லிட்டர், நெய் 200 கிராம், கறுப்பு எள் 250 கிராம், வடைக்கு உளுந்து 250 கிராம், பாயசத்துக்குத் தனியாகப் பாசிப்பருப்பு 200 கிராம், வெல்லம் 300 கிராம், பெரிய தேங்காய் 1.

வடை: 250 கிராம் உளுந்தில் இருபது வடை வரும். ஒரு மணி நேரம் ஊறினால் போதும், ராத்திரி முழுக்க ஊறினால் எண்ணெய் குடிக்கும். குளிர்ந்த தண்ணீரைக் கையில் தெளித்துத் தெளித்து அரையுங்கள். கிண்ணத்துத் தண்ணீரில் ஒரு சொட்டு மாவு போட்டால் மிதக்க வேண்டும். உப்பும் பொடித்த மிளகும் எண்ணெய் காய்ந்த பிறகுதான். முன்னாலேயே உப்புப் போட்டு வைத்தால் மாவு நீர்த்து, கையில் நிற்காமல் சட்டியில் தட்டையாக விரியும்.

பாயசம்: பருப்பை வாசம் வரும்வரை வறுத்துக் குழைய வேகவிட்ட பிறகே வெல்லம். முன்னதாக வெல்லம் விழுந்தால் பருப்பு அப்படியே நின்றுவிடும், பிறகு எவ்வளவு கொதித்தாலும் வேகாது. வெல்லத்தைக் கரைத்து வடிகட்டி ஊற்றிப் பச்சை வாசனை போனதும் தேங்காயின் இரண்டாம் பால் இரண்டு டம்ளர் விட்டு ஒரு கொதி. அடுப்பை அணைத்த பிறகு முதல் பால் ஒரு டம்ளர். முதல் பாலைக் கொதிக்க விட்டால் திரிந்துவிடும்.

பிரண்டைத் துவையல்: இளசான நுனிக் கொழுந்து ஒரு கைப்பிடி. கையில் நல்லெண்ணெய் தடவிக்கொண்டு கணுவை வெட்டி எறிந்து, நாலு ஓரத்து நாரையும் உரியுங்கள். பிரண்டையில் ஊசி ஊசியாக ஒரு படிகம் இருக்கிறது, கை அரிப்பதும் நாக்கு அரிப்பதும் அதனால்தான். நிறையவே நல்லெண்ணெய் விட்டு, பச்சை நிறம் மாறி மண் நிறத்துக்கு வரும்வரை வதக்க வேண்டும். பாதியில் இறக்குபவர்களுக்குத்தான் தொண்டை நமநமக்கிறது. இரண்டு ஸ்பூன் உளுந்து, ஒரு ஸ்பூன் மிளகு தனியாக வறுத்து, நெல்லிக்காய் அளவு புளி வைத்து அரையுங்கள். புளி குறைந்தாலும் அரிக்கும்.

படைப்பதற்கு முன் எதையும் வாயில் வைத்துப் பார்க்கக் கூடாது என்பதால் உப்புத்தான் பெரிய சோதனை. ஒரு லிட்டர் குழம்புக்கு ஒன்றரை டீஸ்பூன் தூள் உப்பில் தொடங்குங்கள். கல் உப்புக்குக் கரண்டி அளவு வேறு. ஒரு வாரம் முன் அதே பாத்திரத்தில் அதே குழம்பை ஒரு தடவை வைத்துப் பார்த்து அளவை எழுதிக்கொண்டால் பயமே இல்லை. சந்தேகமாக இருந்தால் குறைவாகப் போடுங்கள். இலை ஓரத்தில்தான் உப்பு வைக்கிறோமே.

அன்றைய நாள்

வாசலில் தண்ணீர் தெளிக்கலாம், திதி முடியும்வரை கோலம் வேண்டாம். வழக்கமான சாமி பூஜையும் பிறகுதான். ராகு காலம், எமகண்டம் பார்ப்பதில்லை. செய்கிறவர் காலையில் தலைக்குக் குளித்து, முடியும்வரை சாப்பிடாமல் இருப்பார். சர்க்கரை நோய்க்கு ஊசியோ மாத்திரையோ எடுப்பவர் வெறும் வயிற்றோடு இருக்க வேண்டாம். பாலோ கஞ்சியோ குடித்துவிட்டு உட்காரட்டும், டாக்டரிடமும் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.

இலை பன்னிரண்டரைக்குப் போட வேண்டும் என்றால் ஏழு மணிக்கு அடுப்புப் பற்ற வேண்டும். எள்ளுருண்டை முதல் நாளே ஆகட்டும். பாயசம், துவையல், குழம்பு பத்துக்குள். காய்கள் பதினொன்றரைக்குள். சாதமும் வடையும் கடைசியில், சூடாக இலைக்குப் போவதற்காக.

படத்தை வணங்குபவர் தெற்கு பார்க்கும்படி வைப்பது பெருவழக்கு. ஒரு பலகை, சந்தனம், மாலை, நல்லெண்ணெய் விளக்கு. மாலை விளக்கின் மேல் தொங்காமல் இருக்கிறதா என்று ஒரு தடவை பார்த்துவிடுங்கள். முன்னால் தலைவாழை இலை, நுனி அவர் இடக்கைப் பக்கம் வரும்படி. அவர் படத்திலிருந்து உங்களைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார் என்பதை நினைவில் வைத்தால் இலை திரும்பாது. நின்று பார்க்கிற உங்களுக்கு நுனி வலப்பக்கம் இருக்கும். உப்பு, துவையல், காய்கள், வடை, எள்ளுருண்டை, பாயசம் வைத்துக் கடைசியில் சாதம், பருப்பு, நெய். ஒரு சொம்பு தண்ணீர். அவர் வெற்றிலை போட்டவர் என்றால் வெற்றிலை பாக்கு சுண்ணாம்போடு. தூபம் காட்டி, தண்ணீரை இலையைச் சுற்றி விட்டு, எல்லாரும் விழுந்து கும்பிட்டு, கதவைச் சாத்திவிட்டுப் பத்து நிமிஷம் வெளியே இருப்பார்கள். அம்மா சாப்பிடுகிற நேரம் அது. அந்தப் பத்து நிமிஷத்தில் போனை எடுக்காமல் இருங்கள். குழந்தைகளும் அப்போது தாமாகவே பேசாமல் இருப்பார்கள்.

காக்கை

இலையில் வைத்த எல்லாவற்றிலும் கொஞ்சம் எடுத்து, எள்ளும் நெய்யும் சேர்த்துப் பிசைந்து, மொட்டைமாடிச் சுவரில் வைத்துக் கூப்பிடுவோம். காக்கை வராவிட்டால் வீடே கலங்கிப் போகும். அம்மாவுக்கு ஏதோ குறை என்று யாராவது ஒருவர் அழத் தொடங்குவார். குறை எதுவும் இல்லை. காக்கை புது இடத்தில் இறங்கப் பயப்படும், சுற்றிப் பத்துப் பேர் நின்றால் கிட்டே வராது, உச்சி வெயிலில் மர நிழலை விட்டுக் கிளம்பாது. அதனால் ஒரு வாரம் முன்பிருந்தே தினமும் அதே நேரம், அதே இடத்தில் ஒரு பிடி சோறு வையுங்கள். அன்று ஒருவர் மட்டும் வைத்துவிட்டு விலகி வந்துவிடட்டும். அரை மணி பார்த்தும் வரவில்லை என்றால் சோற்றை அங்கேயே விட்டுவிட்டுச் சாப்பிட உட்காருங்கள். பக்கத்தில் பசு இருந்தால் அகத்திக்கீரை, வாழைப்பழம் கொடுக்கலாம்.

பிறகு அம்மாவின் இலையில் மூத்த பிள்ளை உட்காருவார், சில வீட்டில் அந்தச் சோற்றை எல்லாருக்கும் ஒவ்வொரு கை பிசைந்து கொடுப்பார்கள். ஐயர் வந்து போன வீட்டில் அரிசி, வாழைக்காய், பாசிப்பருப்பு, வெல்லம், வெற்றிலை பாக்கு, தட்சிணை. எல்லாம் முடிந்த பிறகு வாசலில் கோலம்.

முதியோர் இல்லத்தில் சாப்பாடு போட நினைப்பவர்கள் முதலில் வெளிச் சமையலை ஏற்பார்களா என்று கேளுங்கள். சாதம் குழைவாக, காரம் குறைவாக, இனிப்பு அளவாக. தேங்காய் அரைத்த குழம்பு வெயிலில் சீக்கிரம் கெடும், சமைத்ததிலிருந்து நாலு மணி நேரத்துக்குள் பரிமாறிவிட வேண்டும்.

தவறிப்போனால்

பங்காளி வீட்டில் பிறப்பு, இறப்புத் தீட்டு வந்து திதி அதற்குள் விழுந்தால், தீட்டுக் கழிந்த அன்று செய்வார்கள். முழுக்க மறந்தே போனால் அடுத்த தேய்பிறை ஏகாதசியிலோ அமாவாசையிலோ செய்யலாம். உடம்பு முடியாமல் ஆஸ்பத்திரியில் இருந்தால் எள்ளும் தண்ணீரும் விட்டால் போதும். அதுவும் முடியாத நிலையில் அம்மா பெயரைச் சொல்லித் தெற்கே பார்த்துக் கும்பிட்டால்கூட ஏற்றுக்கொள்வார்கள் என்று பெரியவர்கள் சொல்லியிருக்கிறார்கள்.

அன்று சாயங்காலம், வந்தவர்கள் கிளம்புவதற்குள் ஒரு நோட்டை எடுத்து உட்காருங்கள். மாதம், பிறை, திதி, உயிர் பிரிந்த நேரம், எந்தப் பஞ்சாங்கம், கோத்திரம், பாட்டி, கொள்ளுப்பாட்டி பெயர், உப்பு அளவு, எந்தக் கடையில் இலை நன்றாக இருந்தது. இதெல்லாம் ஒரு பக்கம். அடுத்த பக்கத்தில், அம்மா வைத்த வத்தக்குழம்புக்குப் புளி எவ்வளவு, கடைசியில் எதைப் பொடித்துத் தூவினார் என்று சித்தியிடம் கேட்டு எழுதுங்கள். அவர் "கண்ணளவுதான்" என்பார். ஒரு கிண்ணத்தில் புளியை எடுத்துக் காட்டச் சொல்லி, அதைத் தராசில் வைத்து, கிராமில் எழுதிக்கொள்ளுங்கள். பஞ்சாங்கம் வந்ததும் அடுத்த வருஷத்துத் தேதியை அதே நோட்டில் குறித்து, அண்ணன் தம்பி, அக்கா தங்கை எல்லாருக்கும் போட்டோ எடுத்து அனுப்பிவிடுங்கள்.